சுமத்ராவிலிருந்து குக்டிக் கரைக்கு

புனேவுக்கு அருகே சாகணுக்கு வந்து இறங்கும் சரக்குக்குக் கணக்கில்லை. நவசேவா துறைமுகத்திலிருந்து கன்டெய்னர்கள், கார் தொழிற்சாலைகளுக்கான எஃகுச் சுருள்கள், டயர்கள், சந்தைக்கு வரும் வெங்காய மூட்டைகள் என்று புனே–நாசிக் நெடுஞ்சாலை இரவு பகல் பாராமல் நகர்ந்துகொண்டே இருக்கும். அல்லது நகர வழியில்லாமல் நின்றுகொண்டே இருக்கும். இந்த வட்டாரத்துக்குக் கடல் தாண்டி வந்தவற்றில் மிகப் பழையது எது என்று தேடினால், தொழிற்பேட்டையில் கிடைக்காது. அதே சாலையில் வடக்கே ராஜ்குருநகர், மஞ்சர், நாராயண்காவ் என்று ஏறக்குறைய 60 கிலோமீட்டர் போய், ஆளேபாட்டா பக்கம் குக்டி ஆற்றங்கரைக்கு இறங்க வேண்டும். அங்கே போரி என்று ஓர் ஊர். வெள்ளம் அறுத்துவிட்ட செங்குத்தான கரையில், மண் அடுக்குகளுக்கு நடுவே வெளிறிய பட்டை ஒன்று தெரியும். அது எரிமலைச் சாம்பல். பிறந்த இடம் சுமத்ரா.

நேர்க்கோட்டில் அளந்தால் மூவாயிரம் கிலோமீட்டருக்கு மேல். நடுவில் வங்காள விரிகுடா முழுவதும் கிடக்கிறது.

கரையைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்ப்போம். மேலே கரிசல். அதன் கீழே சுக்கான்கல் உருண்டைகள் விரவிய பழுப்பு வண்டல். பிறகு சாம்பல். அதற்கும் கீழே சுண்ணாம்பு இறுகிக் கெட்டிப்பட்டுப்போன சரளை. சாம்பலை இரண்டு விரலுக்கு நடுவே வைத்துத் தேய்த்தால் கோலமாவு போல இருக்கும், கூடவே ஒரு நெருநெருப்பு. அந்த நெருநெருப்புதான் விஷயம். நுண்ணோக்கியின் கீழே வைத்தால் ஒவ்வொரு துகளும் கண்ணாடிச் சில்லு என்று தெரிகிறது. சில வளைந்த தகடுகள், சில மூன்று கிளையாகப் பிரிந்தவை. பாறைக் குழம்புக்குள் அடைபட்டிருந்த வாயு வெளியேறும்போது குழம்பு முழுவதும் குமிழிகளாக நுரைத்து வெடிக்கிறது. குமிழிகளின் சுவர்கள் அந்தக் கணமே உறைந்து கண்ணாடியாகிவிடுகின்றன. வளைந்த சில்லு ஒரு குமிழியின் சுவர். மூன்று கிளை உள்ளது, மூன்று குமிழிகள் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருந்த மூலை.

எரிமலைச் சாம்பல் தக்காணத்தில் கிடைப்பதில் என்ன அதிசயம் என்று கேட்கத் தோன்றும். சாகணைச் சுற்றிய மலைகளும், கோட்டைகள் உட்கார்ந்திருக்கும் குன்றுகளும், தரையடிப் பாறையும் எல்லாமே எரிமலைக் குழம்பு ஓடி உறைந்த பசால்ட்தான். ஆனால் அந்த எரிமலைகள் ஓய்ந்து ஆறரைக் கோடி ஆண்டுகள் ஆகிவிட்டன. இரண்டாவது, பசால்ட் கறுப்பு; அதில் சிலிக்கா பாதிக்குப் பாதிதான். போரிச் சாம்பலில் நான்கில் மூன்று பங்குக்கு மேல் சிலிக்கா. இந்த வகைக் குழம்பை அண்மைக் காலத்தில் கக்கிய எரிமலை தீபகற்பத்தில் ஒன்றுகூடக் கிடையாது. ஆக, சாம்பல் அயலூர்க்காரன் என்பது முதல் சோதனையிலேயே தெரிந்துபோனது. எந்த ஊர், எந்தக் காலத்தில் வந்தான் என்பதில்தான் கால் நூற்றாண்டுக்கு மேல் தகராறு நடந்தது. அதற்குப் பிறகு வருகிறேன். முதலில் அவன் புறப்பட்ட இடம்.

சுமத்ரா உலகின் ஆறாவது பெரிய தீவு. மகாராஷ்டிரத்தைப் போல ஒன்றரை மடங்கு. அதன் வடபகுதி மலைமேல் தோபா ஏரி இருக்கிறது. நீளம் சுமார் 100 கிலோமீட்டர், அகலம் 30. ஆழம் 500 மீட்டர். நடுவில் சமோசிர் என்ற பெரிய தீவு. தீவுக்குள் ஏரி, ஏரிக்குள் தீவு என்று இன்று சுற்றுலா விளம்பரம் சொல்லும் இடம். இது ஏரியே அல்ல, வெடித்து உள்ளே இடிந்து விழுந்த எரிமலையின் குழி என்று டச்சுப் புவியியலாளர் வான் பெம்மலன் 1929இல் கண்டுகொண்டார். ஒரே ஒரு வெடிப்பின் வேலையும் அல்ல. சுமார் 8 லட்சம் ஆண்டுகளுக்கு முன் ஒன்று, 5 லட்சம் ஆண்டுகளுக்கு முன் ஒன்று, கடைசியாகச் சுமார் 75,000 ஆண்டுகளுக்கு முன் மிகப் பெரியது. கடைசி வெடிப்பில் வெளிவந்த குழம்பைக் கெட்டிப் பாறையாகக் கணக்கிட்டால் 2,800 கன கிலோமீட்டர் என்று 1987இல் ரோஸ், செஸ்னர் இருவரும் மதிப்பிட்டார்கள். தமிழ்நாட்டின் பரப்பு முழுவதும் பரப்பினால் 21 மீட்டர் உயரம் வரும். கடந்த இருபது லட்சம் ஆண்டுகளில் பூமி கண்ட மிகப் பெரிய வெடிப்புகளில் ஒன்று இது.

அன்றைக்கு சுமத்ரா தீவாக இல்லை. பனியுகக் காலம், துருவங்களில் நீர் பனிப்பாறையாகக் கட்டிக் கிடந்ததால் கடல் மட்டம் இன்றைக்கு இருப்பதைவிடப் பல பத்து மீட்டர் கீழே இருந்தது. மலாக்கா நீரிணை ஆழமில்லாதது. எனவே மலேசியாவிலிருந்து சுமத்ராவுக்கு நடந்தே போகலாம். போர்னியோவும் ஜாவாவும்கூட அதே பெருநிலத்தின் பகுதிகள். யானையும் காண்டாமிருகமும் உராங்குட்டானும் சுமத்ராவுக்கு எப்படி வந்தன என்பதற்கு இதுதான் விளக்கம். மனிதர்களுக்கும் இதுவேதான். கடலைக் கடந்து ஒரு தீவைக் கண்டுபிடித்தவர்களாக அவர்களை நினைத்துக்கொள்வது பிழை. தாங்கள் போவது தீவு என்றே அவர்களுக்குத் தெரிந்திருக்க முடியாது.

சாம்பல் ஏன் மேற்கே வந்தது? காற்றினால். தென்மேற்குப் பருவக்காற்றுக் காலத்தில் தரையை ஒட்டிக் காற்று மேற்கிலிருந்து வீசுகிறது. ஆனால் பதினைந்து கிலோமீட்டர் உயரத்தில் கதை தலைகீழ். அங்கே கிழக்கிலிருந்து மேற்காக ஒரு வேகமான காற்றோட்டம் தென்னிந்தியாவுக்கு மேலாகப் போகிறது. தோபாவின் சாம்பல் இந்தியப் பெருங்கடலிலும் வங்க விரிகுடாவிலும் அரபிக்கடலிலும் கிடைக்கிறது. எதிர்த் திசையில் தென்சீனக் கடலடியிலும் கிடைக்கிறது. உயரே போனது மேற்கே, தாழப் பரவியது கிழக்கே என்று பிரிந்திருந்தால்தான் இது பொருந்தும். அதனால் வெடிப்பு தென்மேற்குப் பருவத்தில் நிகழ்ந்திருக்க வேண்டும் என்று தென்சீனக் கடலடி மண்ணை ஆராய்ந்தவர்கள் 2000இல் எழுதினார்கள். ஒரு எரிமலை எந்த ஆண்டில் வெடித்தது என்று ஆயிரக்கணக்கில் முன்பின்னாகத்தான் சொல்ல முடிகிறது. எந்த மாதம் என்று ஓரளவு சொல்ல முடிகிறது. எனக்கு இது இன்னும் வியப்புதான்.

மேல்காற்றின் வேகத்தை மணிக்கு 100 கிலோமீட்டர் என்று வைத்துக்கொண்டால் தோபாவிலிருந்து குக்டிக் கரைக்கு ஒன்றரை நாள் ஆகும். சுமத்ராவின் மேடான் நகருக்குப் பக்கத்துத் துறைமுகத்திலிருந்து நவசேவாவுக்கு இன்று ஒரு கன்டெய்னர் கப்பல் நேராக வந்தாலே ஒரு வாரம் பிடிக்கும்.

இந்தியாவுக்கு மேல் வானிலிருந்து விழுந்தது சில சென்டிமீட்டர் கனம்தான். மரம், புதர், பாறை, ஆறு என்று வித்தியாசம் பார்க்காமல் விழுந்தது. பிறகு வந்த மழை அதைச் சரிவுகளிலிருந்து கழுவிக்கொண்டு போய்ப் பள்ளங்களில் சேர்த்தது. அதனால் ஓரிடத்தில் ஒன்றுமே இருக்காது, இன்னோரிடத்தில் இரண்டு மீட்டர் கனத்துக்கு அடுக்கு நிற்கும். மகாராஷ்டிரத்தில் குக்டியில் போரி. புனேவுக்குத் தென்கிழக்கே கர்ஹா ஆற்றங்கரையில் மோர்காவ். அஷ்டவிநாயகத் தலங்களுக்குப் போகிறவர்கள் மயூரேஸ்வரரைக் கும்பிடப் போகும் அதே மோர்காவ்தான். இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது சாகண். வடக்கிலும் தெற்கிலும் விழுந்த சாம்பல் நடுவில் மட்டும் விழாமல் போயிருக்காது. சாகணில் விழுந்ததை மழை கொண்டுபோய்விட்டது என்றே கொள்ள வேண்டும். சாம்பல் தங்க வேண்டுமானால் ஆறு அதை உடனே வண்டல் போட்டு மூட வேண்டும். பிறகு அதே ஆறு ரொம்ப நாள் கழித்து அந்தக் கரையை அறுத்து வெளியே காட்ட வேண்டும். இந்த இரண்டும் ஒரே இடத்தில் நடப்பது அபூர்வம்.

போரியில் சாம்பல் இருக்கும் செய்தி 1986இல் வெளிவந்தது. எழுதிய குழுவில் விஸ்வாஸ் காலேயும், புனே டெக்கான் கல்லூரியின் எஸ்.என். ராஜகுருவும் இருந்தார்கள். டெக்கான் கல்லூரியை அறியாத தொல்லியல் மாணவர் இந்தியாவில் இருக்க முடியாது. தொல்லியலாளர் சங்காலியா உருவாக்கிய மரபு அது. ஆற்றுச் சரளைக்குள் கற்கருவி தேடுவதை ஒரு துறையாகவே வளர்த்தவர்கள் அங்கே இருந்தார்கள். ஆகையால் போரியில் அவர்கள் சாம்பலை மட்டும் பார்க்கவில்லை. அதோடு சேர்ந்த சரளையில் பசால்ட்டில் செதுக்கிய கைக்கோடரிகளும் வெட்டுக்கருவிகளும் இருந்தன. அச்சூலியன் என்று சொல்லப்படும் வகை: உள்ளங்கையை நிறைக்கும் கனமான கல், இரண்டு பக்கமும் சில்லு பெயர்த்து, ஒரு முனை கூராக, மறு முனை பிடிப்பதற்கு வாகாக. நம்முடைய இனத்துக்கு முந்தைய மனித இனங்களின் கைவேலை.

இங்கேதான் சாம்பலுக்கு மதிப்பு கூடியது. கல்லுக்கு வயது சொல்வது கடினம். கல் உருவான காலம் தெரியும், அதைச் செதுக்கிய காலம் தெரியாது. ஆனால் எரிமலைச் சாம்பலுக்குத் தன்னுடைய கடிகாரம் இருக்கிறது. பொட்டாசியத்தில் மிகச் சிறு பங்கு கதிரியக்கம் உள்ளது. அதில் ஒரு பகுதி மெல்ல மெல்ல ஆர்கான் வாயுவாக மாறுகிறது. பாதி தீர 125 கோடி ஆண்டுகள் ஆகும். குழம்பு உருகிக் கிடக்கும்போது ஆர்கான் தப்பி ஓடிவிடும்; உறைந்த பிறகு உள்ளேயே சிக்கிக்கொள்ளும். சிக்கிய ஆர்கானை அளந்தால் உறைந்த காலம் தெரியும். சாம்பலின் வயது தெரிந்தால் அதற்குக் கீழே கிடக்கும் கருவி அதைவிடப் பழையது.

1989இல் டெக்கான் கல்லூரிக் குழு பொட்டாசியம்–ஆர்கான் முறையில் வந்த எண்ணை வெளியிட்டது: ஏறத்தாழ 14 லட்சம் ஆண்டுகள். அன்றைய நிலையில் இது பெரிய செய்தி. இந்தியாவில் கைக்கோடரிக்காரர்கள் அவ்வளவு முன்பே இருந்தார்கள் என்றால் ஆசியாவின் ஆதிமனித வரலாற்றையே திருத்தி எழுத வேண்டும். 1995இல் ஷீலா மிஸ்ராவும் உடன் பணியாற்றியோரும் ஆர்கான்–ஆர்கான் முறையில் வந்த இன்னொரு எண்ணை வெளியிட்டார்கள்: 6 லட்சத்து 70 ஆயிரம். அதே 1995இல் நியூசிலாந்தைச் சேர்ந்த ஃபில் ஷேன் முதலியோர் கண்ணாடிச் சில்லுகளின் வேதியியலைப் பார்த்துவிட்டு, இது தோபாவின் கடைசி வெடிப்பின் சாம்பல் என்றார்கள். 1998இல் டொரன்டோவின் ஜான் வெஸ்ட்கேட் குழு இன்னும் அழுத்தமாகச் சொன்னது: தீபகற்பம் முழுவதும் கிடைக்கும் தோபா சாம்பல் எல்லாமே 75,000 ஆண்டு வெடிப்பினுடையது. 2011இல் டெக்கான் கல்லூரித் தரப்பு விடவில்லை. புதிய ஆர்கான் அளவீடுகளோடு வந்து, போரியில் இருப்பது தோபாவின் முதல் பெருவெடிப்பு, சுமார் 8 லட்சம் ஆண்டு என்றது. 2014இல் வேல்ஸின் நிக் பியர்ஸ், வெஸ்ட்கேட், சென்னை அண்ணா பல்கலைக்கழகத்தின் ஹேமா அச்சுதன் ஆகியோர் உள்ளிட்ட குழு ஒவ்வொரு சில்லாகத் தனித்தனியே அளந்து, இந்தியாவில் அறியப்பட்ட அனைத்துத் தோபா சாம்பலும் கடைசி வெடிப்பினுடையதே என்று மறுபடி எழுதியது.

ஒரே அடுக்கு, 14 லட்சம், 6.7 லட்சம், 75 ஆயிரம், 8 லட்சம், மறுபடி 75 ஆயிரம். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இது கேலிக்கூத்தாகத் தோன்றலாம். உள்ளே போய்ப் பார்த்தால் ஒவ்வொரு தரப்பிலும் நியாயம் இருந்தது. கைக்கோடரிக்காரர்கள் 75,000 ஆண்டுகளுக்கு முன்வரை இங்கே உலவினார்கள் என்று நம்புவது தொல்லியலாருக்குக் கடினமாக இருந்தது. கருவியும் சாம்பலும் ஒன்றாகக் கிடக்கின்றன, கருவி பழையது, ஆகவே சாம்பலும் பழையது என்பது அவர்கள் பார்வை. வேதியியலார் கருவியைப் பார்க்கவே இல்லை. கண்ணாடி என்ன சொல்கிறதோ அதுதான் அவர்களுக்கு.

ஆர்கான் கடிகாரம் ஏன் ஏமாற்றியிருக்கலாம் என்பதற்குத் தக்காணத்திலேயே பதில் இருக்கிறது. போரியில் நிற்கும் சாம்பல் வானிலிருந்து விழுந்தபடியே நிற்கவில்லை. நீர் அள்ளி வந்து சேர்த்தது. வரும் வழியெல்லாம் ஆறரைக் கோடி ஆண்டுப் பழமையான பசால்ட் பொடி. கழுவிச் சலித்தாலும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டு வரும். நானே ஒரு பென்சில் கணக்குப் போட்டுப் பார்த்தேன். மாதிரியில் உள்ள பொட்டாசியத்தில் நூற்றில் ஒரு பங்கு மட்டும் பசால்ட்டிலிருந்து வந்தது என்று வைத்துக்கொள்வோம். 75,000 ஆண்டுச் சாம்பல் 7 லட்சம் ஆண்டு வயது காட்டும். நூற்றில் இரண்டு என்றால் 14 லட்சத்துக்குக் கிட்டே போய்விடும். ஆய்வகத்தில் விஷயம் இவ்வளவு எளிதில்லை. தனித்தனிக் கனிமத்தை அளக்கிறார்கள், சரிபார்க்கிறார்கள். ஆனாலும் எவ்வளவு சிறிய கலப்படம் எவ்வளவு பெரிய வயதைக் கூட்டும் என்பதற்கு இந்தக் கணக்கு போதும்.

என் பார்வையில் வழக்கு 75,000 பக்கம்தான் முடிந்திருக்கிறது. ஆனால் அதனால் போரியின் கைக்கோடரிகள் 75,000 ஆண்டுப் பிள்ளைகள் ஆகிவிடவில்லை. கீழே கிடப்பவை அதைவிடப் பழையவை என்று மட்டுமே சாம்பல் சாட்சி சொல்கிறது. எவ்வளவு பழையவை என்று அது சொல்லாது. மத்தியப் பிரதேசத்து சோன் பள்ளத்தாக்கில் அச்சூலியன் கருவிகள் ஒன்றேகால் லட்சம் ஆண்டுகள் வரைக்கும்கூட நீடித்ததற்குச் சான்று கிடைத்திருக்கிறது. மிகப் பழையது என்ற பட்டமோ போரியை விட்டுத் தமிழ்நாட்டுக்குப் போய்விட்டது. கொசஸ்தலையாற்றுப் படுகையில் அத்திரம்பாக்கம், 1863இல் ராபர்ட் புரூஸ் ஃபூட் கண்டெடுத்த இடம்; அங்கே கிடைத்த அச்சூலியன் கருவிகளுக்கு ஏறத்தாழ 15 லட்சம் ஆண்டு என்று சாந்தி பப்பு குழு 2011இல் 'சயன்ஸ்' இதழில் வெளியிட்டது. அங்கே எரிமலைச் சாம்பலின் தயவு தேவைப்படவில்லை. விண்கதிர்கள் கல்லில் உண்டாக்கும் அலுமினியம், பெரிலியம் அணுக்களையும், மண்ணில் பதிந்த பழைய காந்தத் திசையையும் வைத்தே வயது கண்டார்கள். சாந்தி பப்பு முனைவர் பட்டம் பெற்றதும் டெக்கான் கல்லூரியில்தான் என்பதால், புனேக்காரர்கள் முழுவதும் தோற்றுவிட்டதாகச் சொல்ல முடியாது.

சாம்பல் விழுந்தபோது மனிதர்களுக்கு என்ன ஆயிற்று? 1990களில் ஒரு பயங்கரமான கருத்து பிரபலமாயிற்று. கந்தகப் புகை சூரியனை மறைத்து ஆறு ஆண்டுகள் எரிமலைக் குளிர்காலம் வந்தது, மனித இனம் சில ஆயிரம் பேராகச் சுருங்கியது என்று ஸ்டான்லி ஆம்ப்ரோஸ் 1998இல் எழுதினார். கேட்பதற்கு நன்றாக இருந்ததால் பத்திரிகைகள் பிடித்துக்கொண்டன. அதைச் சோதிக்க மிகப் பொருத்தமான இடம் இந்தியாதான்; சாம்பலும் கருவிகளும் ஒரே கரையில் மேலும் கீழுமாகக் கிடக்கும் நாடு வேறு எது?

ஆந்திரத்தின் ஜ்வாலாபுரத்தில் சாம்பல் இரண்டரை மீட்டர் கனத்துக்குச் சேர்ந்திருக்கிறது. பாத்திரம் துலக்கும் பொடிக்காக அதை வெட்டி எடுத்து விற்றிருக்கிறார்கள். மைக்கேல் பெட்ராக்லியாவும் ரவி கோரிசெட்டரும் அங்கே தோண்டி, சாம்பலுக்குக் கீழே இருந்த கருவி செய்யும் முறையே சாம்பலுக்கு மேலேயும் தொடர்வதை 2007இல் காட்டினார்கள். சோன் பள்ளத்தாக்கின் டாபா என்ற இடத்தில் 80,000 முதல் 65,000 ஆண்டுகள் வரை கருவிகள் இடைவெளியில்லாமல் வருவதாக 2020இல் இன்னொரு குழு எழுதியது. கிழக்கு ஆப்பிரிக்காவின் மலாவி ஏரியடியில் தோபா சில்லுகள் கிடைத்தன. அங்கே கடுங்குளிர் வந்ததற்கான தடயம் இல்லை. தென்னாப்பிரிக்கக் கடற்கரையின் பின்னக்கிள் பாயின்டில் 2018இல் அதே சில்லுகள். மனிதர்கள் அங்கே சாம்பலுக்குப் பிறகு செழிப்பாகவே இருந்தார்கள். ஜ்வாலாபுரத்துக் கருவிகளைச் செய்தவர்கள் நம் இனத்தாரா, வேறு இனத்தாரா என்பதில் ஆய்வாளர்கள் இன்னும் ஒன்றுபடவில்லை. கருவியோடு எலும்பு கிடைக்கவில்லை. யாராக இருந்தாலும் பிழைத்தார்கள்.

சாம்பலின் சொந்த ஊரில் நிலைமை விசித்திரம். இந்தியாவில் இவ்வளவு தடயம் கிடைக்க, சுமத்ராவில் மிகக் குறைவு. ஏரியைச் சுற்றி நூறு மீட்டருக்கும் மேல் சாம்பற்பாறை மூடிக் கிடக்கிறது. மீதி நிலத்தில் ஓயாத மழை, அடர்காடு, எலும்பை அரிக்கும் மண். வடகிழக்குக் கரையில் இருந்த பழைய சிப்பி மேடுகளைச் சுண்ணாம்புக்காக வெட்டித் தீர்த்துவிட்டார்கள். தெற்கே குகைகளில் மட்டும் அதிர்ஷ்டம். குவா ஹரிமாவ் என்ற குகையில் அறுபதுக்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் கிடைத்தன, அவை பிற்காலத்தவை. மிகப் பழையது என்றால் இரண்டு பற்கள்.

அந்தப் பற்களின் கதை தனி. யூஜின் டுபுவா என்ற டச்சு மருத்துவர், குரங்குக்கும் மனிதனுக்கும் இடைப்பட்ட உயிரியைத் தேடியே ராணுவ மருத்துவராகச் சேர்ந்து 1887இல் சுமத்ரா வந்தார். பாடாங் மேட்டுநிலத்தில் லிடா அயர் என்ற குகையில் உராங்குட்டான் பற்களோடு மனிதப் பற்களையும் எடுத்தார். அவர் தேடியது இவ்வளவு 'புதிய' மனிதனை அல்ல. அதனால் அவற்றைப் பெட்டியில் போட்டுவிட்டு ஜாவாவுக்குப் போய், 1891இல் திரினிலில் உலகப் புகழ் பெற்ற மண்டையோட்டைக் கண்டெடுத்தார். பற்கள் நெதர்லாந்து போயின. அவை நம் இனத்தினுடையவை என்று ஹூய்யர் 1948இல் சொன்னார். அதன் பிறகும் எழுபது ஆண்டு யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. கிரா வெஸ்ட்அவே குழு டுபுவாவின் குறிப்பேட்டை வைத்துக்கொண்டு குகையை மறுபடி தேடிப் பிடித்து, 2017இல் வயதை வெளியிட்டது: 73,000 முதல் 63,000 ஆண்டுகள். தோபா வெடித்து அதிக காலம் ஆகவில்லை. தூரமும் அதிகமில்லை, ஏரியிலிருந்து முந்நூறு சொச்சம் கிலோமீட்டர்தான். மழைக்காட்டில் மனிதர் வாழ்ந்ததற்கு மிகப் பழைய சான்றுகளில் ஒன்று இது. கையிலே கிடைத்ததை டுபுவா பொருட்படுத்தாமல் விட்டது பற்றி எனக்கு அவர் மேல் கோபமில்லை. அவர் கேட்ட கேள்விக்கு அது பதில் இல்லை, அவ்வளவுதான்.

சுமத்ராவுக்கும் இந்தியாவுக்கும் தொடர்பு அந்தச் சாம்பலோடு நின்றுவிடவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். 1025இல் ராஜேந்திர சோழனின் கப்பற்படை போன ஊர்களில் சுமத்ரா ஊர்களும் உண்டு. தஞ்சைக் கல்வெட்டில் பட்டியலே இருக்கிறது. தோபா ஏரிக்குத் தென்மேற்கே கடற்கரையில் பாருஸ் என்ற பழைய துறைமுகம். சூடத்துக்குப் பெயர் போனது. அதற்குப் பக்கத்தில் லோபு துவாவில் 1088ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு கிடைத்தது. வைத்தவர்கள் திசையாயிரத்து ஐந்நூற்றுவர் என்னும் வணிகக் குழுவினர். நீலகண்ட சாஸ்திரி 1932இல் அதைப் படித்து எழுதினார். தோபாவுக்கு வடக்கே மலைநாட்டில் வாழும் காரோ மக்களிடம் செம்பிரிங் என்றொரு குலம். அதன் கிளைப் பெயர்களில் சோலியா, பாண்டியா, பெலாவி என்று வருகின்றன. வெடித்த மலையின் சாம்பல் மேலேயே உழுது பிழைக்கும் குடிகளின் பெயர்கள் இவை.

போரியில் சாம்பலின் பயணம் முடிந்துவிட்டதாக நினைக்க வேண்டாம். ஒவ்வொரு மழைக்கும் குக்டி கரையைக் கொஞ்சம் அரிக்கிறது. கரைந்த சில்லுகள் கோட் ஆற்றுக்கும், அங்கிருந்து பீமாவுக்கும் போகின்றன. முன்பு கிருஷ்ணா வழியாக வங்கக் கடல் வரைக்கும் போயிருக்கும். இப்போது பெரும்பகுதி வழியில் உள்ள அணைகளின் வண்டலில் தங்கிவிடும். ஆறு அரிப்பதைவிட வேகமாக மனிதர்கள் அரிக்கிறார்கள் என்பதுதான் கவலை. மணல் அள்ளுதல், செங்கல் சூளைக்கு மண் எடுத்தல், வயலுக்காகக் கரையைச் சமப்படுத்தல் எல்லாம் புனே மாவட்டத்து ஆற்றங்கரைகளில் சாதாரணம். ஜே.சி.பி. ஒரு மதியம் வேலை பார்த்தால் போதும், முப்பது ஆண்டு விவாதித்த அடுக்கு லாரியில் ஏறிவிடும்.

சாகணில் வேலை பார்க்கும் தமிழர்கள் ஞாயிற்றுக்கிழமை ஓஜர் பிள்ளையாருக்கோ சிவநேரிக் கோட்டைக்கோ வண்டி எடுப்பது வழக்கம். போகிற வழியில் போரிக்கும் ஒரு மணி நேரம் ஒதுக்கலாம். சாம்பல் அடுக்கைச் சுரண்டிப் பொட்டலம் கட்ட வேண்டாம். சரளையில் கைக்கோடரி மாதிரி ஒன்று தென்பட்டால் பிடுங்கி எடுக்கவும் வேண்டாம். அடுக்கை விட்டு வெளியே வந்த கல்லுக்கு வயது போய்விடும். கிடந்தபடியே படம் எடுத்து, இடத்தைக் குறித்துக்கொண்டு, புனே ஏரவாடாவில் இருக்கும் டெக்கான் கல்லூரித் தொல்லியல் துறைக்குத் தெரிவியுங்கள்.